ஒளி பிடித்தவர்கள் – 17: பைக்குள் ஒரு கேமரா

ஒளிப்பதிவாளர் வில்மோஸ் ஜிக்மோண்ட் 1978இல் ஆஸ்கர் வாங்கிய கதையை இந்த வாரம் எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். உட்கார்ந்தால், பேனா 1956 நவம்பரை விட்டு நகர மாட்டேன் என்கிறது.

சோவியத் ஆதிக்கத்துக்கு எதிராக ஹங்கேரி மக்கள் பொங்கிய அக்டோபர் எழுச்சியைத்தான் முன்பே பார்த்துவிட்டோமே. நவம்பர் 4 விடியற்காலை சோவியத் டாங்கிகள் புடாபெஸ்ட்டுக்குள் மறுபடி புகுந்தன.

திரைப்படக் கல்லூரியில் படித்து முடித்திருந்த வில்மோஸுக்கு வயது 26. அங்கே மாணவராக இருந்த லாஸ்லோ கோவாச்சுக்கு 23. கல்லூரியின் 35 எம்.எம். ஆரிஃப்ளெக்ஸோடு இருவரும் தெருவில் இறங்கினார்கள். கையில் கேமரா தெரிந்தால் உயிருக்கு உத்தரவாதமில்லை. கடைக்குப் போகிற பைக்குள் அதை வைத்து, லென்ஸுக்கு மட்டும் ஓட்டை போட்டார்கள். பைக்குள் இருக்கும் கேமராவில் கண் வைத்துப் பார்க்கவா முடியும்? குத்துமதிப்பாகத் திருப்ப வேண்டியதுதான். பின்னாளில் ஹாலிவுட் கொண்டாடிய கண்கள், அங்கே பார்க்காமலே படம் பிடித்தன!

சேர்ந்தது சுமார் 30,000 அடி. நிமிடத்துக்கு 90 அடி ஓடும் என்று கணக்குப் போட்டேன். ஐந்தரை மணி நேரம் வருகிறது. அத்தனையையும் சுமந்து ஆஸ்திரிய எல்லையைத் தாண்டினார்கள். அதற்குள் உலகத்துக்கு ஹங்கேரி பழைய செய்தியாகிவிட்டது. பிறகுதான் சி.பி.எஸ். தொலைக்காட்சியின் ஆவணப்படம் ஒன்றில் அந்தக் காட்சிகள் இடம்பெற்றன.

1957இல் அமெரிக்கா. வில்மோஸுக்கு ஃபோட்டோ லேப் வேலை, அப்புறம் ‘வில்லியம்’ என்ற பெயரில் மலிவுப் படங்கள். ஃபிலிமில் வெளிச்சம் பட்டுவிடாமல் காப்பதுதானே லேப்காரரின் முதல் பாடம்? ‘மெக்கேப் அண்ட் மிஸஸ் மில்லர்’ (1971) படத்தில் நெகட்டிவுக்கு அவரே வேண்டுமென்று லேசாக வெளிச்சம் காட்டினார். வண்ணம் வெளுத்து, பழைய ஆல்பத்துப் புகைப்படம் போல ஆனது. என்னைக் கேட்டால் ஆஸ்கரை அதற்கே கொடுத்திருக்க வேண்டும்.

‘ஈஸி ரைடர்’ எடுத்த கோவாச்சுக்கோ ஆஸ்கர் பரிந்துரைகூட ஒரு தடவையும் கிடைக்கவில்லை. அக்கிரமம்!

ஆசிரியர் கொடுத்த பக்கம் தீர்ந்துவிட்டது. வில்மோஸுக்கு ஆஸ்கர் வாங்கித் தந்த ‘க்ளோஸ் என்கவுன்டர்ஸ்’ படத்திலும் கோவாச் சில காட்சிகளை எடுத்துக் கொடுத்தார். அது அடுத்த வாரம்.