நாவலில் தொடங்கிய வரலாறு



மலருக்கு ஒரு வரலாற்றுக் கட்டுரை வேண்டும் என்று கேட்டார்கள். சோழர் கால ஏரிப் பாசனம், கல்வெட்டு என்று எழுதுவேன் என எதிர்பார்த்திருப்பார்கள். நான் எழுதப்போவதோ ஓர் அமெரிக்க நாவலாசிரியரைப் பற்றி. அதற்குக் காரணம் நம் கல்லூரி வகுப்பறையில் நடந்த ஒரு சம்பவம்.

பி.ஏ. முதலாண்டுத் தேர்வில் ஆதித்த கரிகாலன் கொலை பற்றி ஒரு கேள்வி. இரண்டு பக்கம் விளாசினேன். அதில் ஒன்றரைப் பக்கம் நந்தினி! விடைத்தாளைத் திருப்பித் தந்த எங்கள் பேராசிரியர், "ஏம்பா, உடையார்குடிக் கல்வெட்டுல ரவிதாசன் பேரு இருக்கு. நந்தினி பேரு எந்தக் கல்வெட்டுல இருக்கு?" என்றார். வகுப்பே சிரித்தது. எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. மாலையில் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார்: "நாவல் படிக்கிறதை விட்டுடாதே. ஆனா படிச்சு முடிச்சதும் எது நெசம்னு தேடு."

அந்த வார்த்தையின் முழு அருமை, ஹாரி டர்டில்டவ் என்பவரின் வாழ்க்கையை அறிந்தபோதுதான் எனக்குப் புரிந்தது.

1949இல் லாஸ் ஏஞ்சல்ஸில் பிறந்தவர். பதினான்கு வயது வாக்கில் ஒரு பழைய புத்தகக் கடையில் எல். ஸ்பிரேக் டி கேம்ப் எழுதிய 'லெஸ்ட் டார்க்னஸ் ஃபால்' என்ற விஞ்ஞான நாவல் அவர் கைக்குக் கிடைத்தது. 1939இல் பத்திரிகையில் வந்து, 1941இல் புத்தகமான கதை அது. ரோம் நகரின் பாந்தியன் கோயிலைப் பார்க்கப்போன பாட்வே என்ற தொல்லியல் அறிஞர், ஒரு மின்னல் வெட்டில் கி.பி. 535க்குப் போய் விழுகிறார். பிழைக்க வழி வேண்டுமே! பிராந்தி காய்ச்சுகிறார், கடன் கொடுக்கும் வங்கிக்காரருக்கு நம் இந்திய எண்களையும் இரட்டைப் பதிவுக் கணக்கையும் கற்றுத் தருகிறார், அச்சுப்பொறி செய்கிறார். வெடிமருந்து மட்டும் சரியாக வரவில்லை! வரப்போகும் இருட்டுக் காலத்தைத் தடுத்துவிட வேண்டும் என்பதே அவர் நோக்கம்.

நடந்த வரலாற்றில் தடுக்க யாரும் வரவில்லை. பேரரசர் ஜஸ்டினியனின் தளபதி பெலிசாரியஸ் 536இல் ரோமுக்குள் நுழைந்தார். அடுத்த ஆண்டு நகரை முற்றுகையிட்ட கோத்தியர், ரோமுக்குத் தண்ணீர் கொண்டுவந்த கால்வாய்களை உடைத்தார்கள். 546இல் கோத்திய மன்னன் டோட்டிலா நகரைப் பிடித்தான். ஏறத்தாழ இருபது ஆண்டுப் போரில் இத்தாலி சீரழிந்தது. உடன் இருந்து பார்த்த புரோகோபியஸ் இதையெல்லாம் எழுதி வைத்திருக்கிறார்.

இந்த நாவலில் எது நிஜம், எது டி கேம்பின் கற்பனை என்று அந்தப் பையன் தேடத் தொடங்கினான். தேடல் நிற்கவே இல்லை. புகழ்பெற்ற கால்டெக்கில் சேர்ந்து முதலாண்டிலேயே தோற்று வெளியேறியவர், கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சல்ஸ் வளாகத்தில் பைசாந்திய வரலாறு படித்தார். ஜஸ்டினியனுக்கு அடுத்து வந்த பேரரசர்களை ஆராய்ந்து 1977இல் டாக்டர் பட்டம் பெற்றார். தியோஃபனிஸ் என்ற துறவி கிரேக்கத்தில் எழுதிய வரலாற்றில், கி.பி. 602 முதல் 813 வரையிலான பகுதியை மொழிபெயர்த்து 1982இல் வெளியிட்டார்.

பட்டம் சோறு போட்டுவிடவில்லை. கல்வி அலுவலகம் ஒன்றில் தொழில்நுட்ப எழுத்தராகச் சம்பளத்துக்கு வேலை பார்த்துக்கொண்டே நாவல் எழுதினார். 1991இல்தான் முழுநேர எழுத்தாளரானார். 1979இல் வந்த முதல் நாவலில் அவர் பெயரே இல்லை. 'டர்டில்டவ்' என்றால் ஒருவகைப் புறா. இப்படி ஒரு பெயர் இருக்கும் என்று எவரும் நம்பமாட்டார்கள் என்று பதிப்பகத்தார் வேறு பெயர் போட்டுவிட்டார்கள்!

1987இல் வந்த 'விடெசாஸ்' நாவல்கள் அவருக்குப் பெயர் வாங்கித் தந்தன. ஜூலியஸ் சீசரின் படைப்பிரிவு ஒன்று மந்திர வாளின் சக்தியால் வேறோர் உலகத்துக்குப் போய்விடுகிறது. அங்குள்ள பேரரசு அப்படியே பைசாந்தியம்: அரண்மனைச் சூழ்ச்சி, மதச் சண்டை, கூலிப்படை எல்லாம் உண்டு. 1071இல் மான்சிகர்ட் போரில் பைசாந்தியம் கண்ட தோல்வியின் சாயலும் கதையில் இருக்கிறது. ஆனால் பேரரசின் பெயர் விடெசாஸ். கற்பனையை இஷ்டம்போல் ஓடவிட நினைத்தபோது, ஊர்ப் பெயரையும் மன்னர் பெயரையும் மாற்றிவிட்டார். எவரும் இதை வரலாறு என்று தேர்வில் எழுத முடியாது!

மூக்கு அறுக்கப்பட்டு நாடு கடத்தப்பட்டு, மீண்டும் அரியணை ஏறிய இரண்டாம் ஜஸ்டினியனைப் பற்றி 1998இல் நாவல் எழுதியபோது, உண்மைப் பெயர்களையே வைத்தார். அந்த மன்னனின் கதை, தாம் முன்பே மொழிபெயர்த்த தியோஃபனிஸ் நூலில் இருப்பது. எங்கே ஆதாரம் முடிகிறது, எங்கே கற்பனை தொடங்குகிறது என்று அவருக்குத் தெரியும். அந்தத் தெளிவுதான் எனக்கு அன்று விடைத்தாளில் இல்லாமல் போனது.

இன்று நம் துறையில் சேரும் தம்பி தங்கைகளில் பலர், 2022, 2023இல் வந்த 'பொன்னியின் செல்வன்' படங்களைப் பார்த்துவிட்டு வருகிறார்கள். வரட்டும், நல்ல வாசல்தான். நானும் அந்த வாசல் வழியாக வந்தவன்தானே! ஆனால் வாசலிலேயே உட்கார்ந்துவிடாதீர்கள். காட்டுமன்னார்கோயில் போய் அந்தக் கல்வெட்டை ஒருமுறை பாருங்கள். ரவிதாசன் பெயர் கல்லில் இருக்கும். நந்தினி கல்கியின் மனத்தில் பிறந்தவள் என்பதும் அங்கே நின்றால் விளங்கும். அதன்பிறகு கல்கி மேல் மதிப்பு கூடுமே தவிரக் குறையாது.

எங்கள் பேராசிரியர் இப்போது இல்லை. அவர் சிவப்பு மையில் அடித்த அந்த ஒன்றரைப் பக்கம் மட்டும் என்னிடம் பத்திரமாக இருக்கிறது.