அமைய ஊழியர்

அமைய ஊழியர் என்போர், இலங்கையின் அரச திணைக்களங்களிலும் மாகாண, உள்ளூராட்சி நிறுவனங்களிலும் ஸ்திரமான நியமனமின்றி, வேலை செய்த நாளுக்கு மட்டுமே வேதனம் பெற்றுச் சேவையாற்றும் தொழிலாளர் ஆவர். தற்காலிக, பதிலீட்டு, ஒப்பந்த ஊழியரும் நிருவாக வழக்கில் இவர்களோடு சேர்த்தே எண்ணப்படுவர்.

அம்பாறைக் கரையோரத்துக் கல்முனை மாநகர சபையின் ஆட்சிக்குட்பட்ட சாய்ந்தமருது, மருதமுனை முதலிய ஊர்களில், விடியற்காலையில் உழவு இயந்திரப் பெட்டிகளிலே சந்தைக் கழிவையும் மீன்கழிவையும் அள்ளி ஏற்றி, வடிகான்களைத் துப்புரவாக்குவோரில் இவ்வகையினரும் உளர். நோயுற்ற நாளில் வேதனமில்லை. எத்தனை வருஷம் உழைத்தாலும் நிரந்தர ஊழியருக்குரிய வருடாந்தச் சம்பள ஏற்றமும் ஓய்வூதிய உரிமையும் இல்லை. நியாயமான ஊதியம் பற்றிய வாதம் நிரந்தர ஊழியரோடுள்ள இந்த வேறுபாட்டிலேயே நிற்கிறது.

2014ஆம் ஆண்டின் 25ஆம் இலக்கப் பொது நிருவாகச் சுற்றறிக்கை, குறித்த திகதியில் 180 நாட் சேவையைப் பூர்த்தி செய்திருந்தோர்க்கு நிரந்தர நியமனம் வழங்க வழிவகுத்தது. ஆயினும் அது திகதியால் வரையறுக்கப்பட்ட சலுகையே. பின்னர் சேர்க்கப்பட்டோர் புதிய சுற்றறிக்கைக்காகக் காத்திருக்க நேர்ந்தது. ஒப்பிட்டுப் பார்த்தால், இந்தியாவில் தமிழ்நாட்டின் 1981ஆம் ஆண்டுச் சட்டமோ, 24 மாதங்களுள் 480 நாள்கள் தொடர்ந்து பணிபுரிந்த தொழில் நிறுவனத் தொழிலாளிக்கு நிரந்தர அந்தஸ்தைச் சட்ட உரிமையாகவே அளிக்கிறது.