துடுப்புப் பிடித்த கைகள்

மைசூருக்குக் கிழக்கே, திருமகூடலு நரசீபுரத்தில் காவிரியும் கபினியும் கூடுகின்றன. அங்கிருந்து தலக்காடு வரையிலும் ஆற்றங்கரையில் நடப்பவர், மூங்கில் மிலாறுகளைப் பின்னி, தோலாலோ தார் பூசிய துணியாலோ போர்த்த வட்டமான பரிசல்களைக் காணலாம். கன்னடத்தார் இதனை ‘ஹரிகோல்’ என்பர். ஒகேனக்கல்லிலும் பவானியிலும் பரிசல் ஏறிப் பழகிய தமிழருக்கு இது புதிய பொருளன்று. ஒற்றைத் துடுப்பால் அந்த வட்டக் கலத்தைச் சுழலவொட்டாமல் மறுகரை சேர்க்கும் ஓடக்காரரின் திறமை, தலைமுறை தலைமுறையாக வந்த திறமையாகும். எனினும், துடுப்பு வலிப்பது ஒரு விளையாட்டாக உலகில் வளர்ந்தபொழுது, இத்தகைய கைகளுக்கு அதில் நெடுங்காலம் இடமில்லாது போயிற்று. அந்த வரலாற்றைச் சிறிது நோக்குவோம்.

படகுப் போட்டி மன்றங்களின் தாயகம் இங்கிலாந்து. தேம்ஸ் நதியைச் சார்ந்த லியாண்டர் மன்றம் 1818இல் தோன்றிற்று. ஜெர்மனியில் 1836இல் ஹாம்பர்க் துறைமுக நகரில் முதல் மன்றம் நிறுவப்பட்டது. ஆங்கிலேயர் கீழ்நாடுகளுக்கு வந்தபொழுது, கிரிக்கெட் மட்டையைக் கொண்டுவந்தது போலவே துடுப்பையும் கொண்டுவந்தனர். 1858இல் கல்கத்தாவிலும், 1864இல் கொழும்பிலும், 1867இல் சென்னையிலும், 1868இல் புனாவிலும் மன்றங்கள் எழுந்தன.

சென்னைப் படகு மன்றம் அடையாற்றின் கரையில் அமைந்தது. கடலை நெருங்கி அகன்று பரந்து நிற்கும் அந்நீர்ப்பரப்பு பயிற்சிக்கு உகந்ததாயிருந்தது. மன்றத்தின் பெயரால் ஒரு சாலையும், சாலையின் பெயரால் நகரின் செல்வர் வாழும் ஒரு பகுதியும் இன்று வழங்குகின்றன. 1898இல் சென்னை மன்றத்தாரும் கொழும்பு மன்றத்தாரும் தமக்குள் ஒரு போட்டியைத் தொடங்கினர். ஒருமுறை அடையாற்றிலும், மறுமுறை கொழும்பின் பெய்ரா ஏரியிலும் என மாறி மாறி நிகழ வேண்டுமென்பது அதன் மரபு. இடையிடையே தடைப்பட்டாலும், ஒரு நூற்றாண்டினைக் கடந்து நிற்கும் போட்டி அது. 1933இல் இந்தியா, இலங்கை முதலிய நாடுகளின் மன்றங்களை இணைத்துக் கீழ்நாட்டு அமெச்சூர் படகோட்டச் சங்கம் உருவாயிற்று.

‘அமெச்சூர்’ என்னும் அச்சொல்லைச் சற்று ஆராய வேண்டும். பொருளுக்காகவன்றி விருப்பத்திற்காக ஆடுபவன் என்பதே அதன் நேரான பொருள். ஆனால் தேம்ஸ் நதிக்கரையில் ஹென்லி என்னுமிடத்தில் நிகழும் புகழ்பெற்ற போட்டியின் நிர்வாகிகள் 1879இல் வகுத்த விதி அதனினும் கடுமையானது. படகுத் தொழிலில் கூலி பெற்றவரும், கைவினைஞரும், தொழிலாளரும் அமெச்சூர் ஆகார் என்று அது கூறிற்று. அதாவது, உழைத்துப் பிழைப்பவர் எவரும் அங்கே துடுப்பைத் தொடலாகாது. உடலுழைப்பால் உரம் பெற்றவர் போட்டியிட்டால் மற்றவருக்கு அநீதியாகும் என்று காரணமும் கூறப்பட்டது! இந்தியாவிலோ, ஐரோப்பியர் தமக்கென அமைத்துக்கொண்ட மன்றங்களில் வகுப்பு வேற்றுமையுடன் நிற வேற்றுமையும் சேர்ந்துகொண்டது. ஆறு நம்முடையது, படகுகளைத் துடைத்து நீரில் இறக்கிவிட்ட கைகளும் நம்மவருடையவை. ஆயினும் போட்டிப் படகின் ஆசனம் மட்டும் நம்மவருக்கு உரியதாயிருக்கவில்லை.

அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் செங்கல் அடுக்கும் கொத்தனாராக வேலை செய்தவர் ஜான் கெல்லி. 1920இல் ஹென்லிப் போட்டியில் கலந்துகொள்ள அவருக்கு அனுமதி மறுக்கப்பட்டது. அவ்வாண்டே ஆண்ட்வெர்ப் ஒலிம்பிக்கில், ஹென்லியில் வென்ற ஆங்கில வீரரையே அவர் தோற்கடித்துத் தங்கப்பதக்கம் பெற்றார். 1936இல் ஆஸ்திரேலியாவின் போலீஸ்காரர் அணி ஒன்றும் ஹென்லியில் விலக்கப்படவே, கண்டனம் பெருகிற்று. 1937இல் அவ்விதி நீக்கப்பட்டது.

விதி நீங்கினால் மட்டும் போதாது. புதியவர் வந்து வென்று காட்டவும் வேண்டும். அவ்வாறு காட்டியது ஜெர்மனியின் ஒரு சிற்றூர். லூபெக் நகருக்கு அருகே, ஏரிகள் சூழ அமைந்தது ராட்செபுர்க். அங்கிருந்த உயர்நிலைப் பள்ளியில் கணிதமும் பௌதிகமும் கற்பித்தவர் கார்ல் ஆடம். அவர் குத்துச்சண்டை வீரர். படகுப் போட்டியில் பயின்றவரல்லர். இரண்டாம் உலகப் போருக்குப்பின் தம் மாணாக்கரை ஏரியில் இறக்கிப் பயிற்றத் தொடங்கினார். 1953இல் ராட்செபுர்க் படகு மன்றம் பிறந்தது.

பழைய வழக்கங்களைக் கற்றிராமையே ஆடமின் பலமாயிற்று. நெடுந்தூரம் ஒரே சீராக வலிப்பதுதான் பயிற்சி என்று பிறர் கருதிய காலத்தில், ஓட்டப்பந்தய வீரரின் முறையை அவர் படகிற்குக் கொண்டுவந்தார். சிறிது தூரம் முழுவேகம், பின்னர் சிறிது ஓய்வு, மீண்டும் முழுவேகம் என்பதே அம்முறை. எடை தூக்கும் பயிற்சியையும் சேர்த்தார். துடுப்பின் அலகினை நீளத்திற் குறைத்து அகலத்திற் பெருக்கினார். நிமிடத்திற்கு எத்தனை முறை வலிப்பது என்ற கணக்கையும் உயர்த்தினார். பயிற்சியைப் பற்றி வீரர்களே வாதிக்கவும் முடிவு செய்யவும் இடமளித்தார். 1959இல் பிரான்சின் மாக்கோன் நகரில் நிகழ்ந்த ஐரோப்பியப் போட்டியில் அவருடைய எண்மர் படகு வென்றது. அகன்ற துடுப்பு அலகிற்கு அவ்வூரின் பெயரே நிலைத்துவிட்டது.

மறு ஆண்டில் ரோமாபுரி ஒலிம்பிக் வந்தது. 1920 முதல் 1956 வரை நடந்த எட்டு ஒலிம்பிக்குகளிலும் எண்மர் படகுப் போட்டியில் அமெரிக்கரே வென்றிருந்தனர். ராட்செபுர்க்கின் இளைஞரும் கீல் நகர இளைஞரும் சேர்ந்த ஜெர்மன் அணி, ஆல்பானோ ஏரியில் அந்தத் தொடரை முறித்தது. அவர்களுள் ஒருவரான ஹான்ஸ் லெங்க் பிற்காலத்தில் தத்துவப் பேராசிரியராய்ப் புகழ்பெற்றார். 1964இல் டோக்கியோவில் கெல்லி பயின்ற பிலடெல்பியாவின் வெஸ்பர் மன்றம் ஜெர்மானியரைப் பின்தள்ளிற்று. 1968இல் மெக்சிகோவில் ஜெர்மானியர் மீண்டும் தங்கம் வென்றனர். ஒரு பள்ளியாசிரியரின் முயற்சி ஒரு விளையாட்டின் போக்கையே மாற்றிற்று என்று கூறலாம்.

நம் நாட்டில் மாற்றம் மெல்ல வந்தது. விடுதலைக்குப்பின் மன்றங்களின் கதவுகள் திறந்தன. 1976இல் இந்தியப் படகோட்டச் சம்மேளனம் அமைந்தது. 1982இல் டில்லி ஆசிய விளையாட்டின்போது ஜெய்ப்பூரை அடுத்த ராம்கர் ஏரியில் படகுப் போட்டிகள் நடைபெற்றன. 2000ஆம் ஆண்டில் சிட்னியில்தான் இந்தியர் முதன்முதலாக ஒலிம்பிக் படகுப் போட்டியில் இறங்கினர். இவ்வளர்ச்சியில் பெரும்பங்கு இராணுவத்திற்கு உரியது. படகு வாங்கவும் மன்றச் சந்தா செலுத்தவும் இயலாத குடும்பங்களின் பிள்ளைகளுக்கு, படைப்பிரிவே மன்றமாயிற்று.

அதன் பயனைப் பாருங்கள். 2010இல் குவாங்சௌ ஆசிய விளையாட்டில் இந்தியாவின் முதற் படகோட்டத் தங்கத்தை வென்ற பஜ்ரங்லால் தாக்கர், வறண்ட ராஜஸ்தானத்திற் பிறந்தவர். மகாராஷ்டிரத்தின் நாசிக் மாவட்டத்தில், வறட்சி வாட்டும் ஊரொன்றில் தந்தையுடன் கிணறு வெட்டும் வேலை செய்தவர் தத்து போகனல். இராணுவத்தில் சேர்ந்த பின்னரே அவர் துடுப்பைத் தொட்டார். தொடக்கத்தில் தண்ணீரைக் கண்டு அஞ்சினார். அவரே 2016இல் ரியோ ஒலிம்பிக்கில் ஒற்றையர் போட்டியில் பதின்மூன்றாம் இடம் பெற்றார்; 2018இல் ஆசிய விளையாட்டில் பாலெம்பாங்கில் நால்வர் படகில் தங்கம் வென்றார். ஹென்லியின் பழைய விதி நிலைத்திருந்தால், கூலிக்குக் கிணறு வெட்டிய இக்கைகள் துடுப்பேந்தத் தகுதியற்றவை என்றே தள்ளப்பட்டிருக்கும்.

இன்று அடையாற்றுக்கு வேறொரு துன்பம் நேர்ந்துள்ளது. நகரத்தின் கழிவுநீர் அதிற் கலக்கிறது. முன்னர், ஆறு இருந்தும் உரிமை இல்லை. உரிமை வந்த காலத்தில் ஆறு நலிந்துவிடுமாயின், அதனினும் பெரிய இழப்பு வேறில்லை. அடையாற்றைக் காப்பது சென்னையில் உள்ளவர் கடன்; காவிரியையும் கபினியையும் காப்பதோ மைசூரில் வாழும் நமக்கும் உரிய கடன்.

போட்டிப் படகில் துடுப்பு வலிப்போர், செல்லும் திசைக்கு முதுகு காட்டியே அமர்ந்திருப்பர். கடந்து வந்த நீர்வழிதான் அவர்கள் கண்ணுக்குப் புலப்படும். முன்னோக்கி அமர்பவன் சுக்கான் பிடிப்பவன் ஒருவனே. வரலாறு கற்போர் நிலையும் ஏறக்குறைய அதுவே. கடந்த வழியைக் கண்டுகொண்டே முன்னே செல்கிறோம். அடுத்தமுறை தலக்காட்டில் பரிசல் ஏறும்பொழுது, ஓடக்காரரின் கைகளை ஒருகணம் உற்று நோக்குங்கள். அவருடைய பிள்ளைக்கும் போட்டிப் படகில் ஓர் ஆசனம் கிடைக்கும் நாளில்தான் இவ்வரலாறு நிறைவு பெறும்.