எளிமையும் சான்றாகும்: பாலிட்டோர் என்னும் அயர்லாந்துச் சிற்றூரின் கட்டட மரபு

அயர்லாந்தின் கில்டேர் மாவட்டத் தென்பகுதியில், கிரீஸ் என்னும் சிற்றாற்றின் கரையில் அமைந்த ஊர் பாலிட்டோர். கோட்டையையும் மாளிகையையும் தேடி வருபவர் இங்கு ஏமாந்துபோவார். ஆயினும் அயர்லாந்துச் சிற்றூர்களின் சமூக வரலாற்றை ஆராய்பவர் இவ்வூரைத் தவிர்க்க முடியாது. அதன் பெருமையை அங்கு படித்துச் சென்ற பெரியோரைக் கொண்டு விளக்குவதே வழக்கம். அவ்விளக்கம் போதாது என்பதும், இவ்வூரின் கட்டடங்களை அங்கு எழுதப்பட்ட ஆவணத்தோடு சேர்த்துப் படித்தால்தான் அவற்றின் மதிப்பு விளங்கும் என்பதும் இக்கட்டுரையின் வாதம்.

கொள்கையும் கட்டடமும்

17ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஜான் பார்க்ராஃப்ட், ஏபெல் ஸ்ட்ரெட்டெல் ஆகிய குவேக்கர்கள் இங்குக் குடியேறி நிலத்தைத் திருத்தினர். அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்தில் கூட்ட இல்லம் எழுந்தது. குருமாரையும் சடங்கையும் ஏற்காமல், மௌனமாக அமர்ந்து வழிபடுவோர் குவேக்கர்கள். எனவே அவர்களுடைய கூட்ட இல்லத்துக்குப் பலிபீடமும் வேண்டியதில்லை, கோபுரமும் வேண்டியதில்லை. சுவர், சன்னல், விசிப்பலகை ஆகியவையே போதும். இதைக் கட்டடக்கலையின் வறுமை என்று கொள்வது பிழை. எதை விலக்குவது என்று ஒரு சமூகம் தெளிந்து எடுத்த முடிவின் வடிவம் அது. தொடக்கக் காலக் குவேக்கர்கள் கல்லறைக்குக் கல் நாட்டுவதையும் ஏற்கவில்லை. நினைவுச்சின்னத்தை மறுத்தவர்களின் ஊரே இன்று மரபுச்சின்னமாகப் போற்றப்படுகிறது. இந்த முரணிலிருந்துதான் பாலிட்டோர் ஆய்வு தொடங்க வேண்டும்.

பெயர்களின் நிழல்

யார்க்‌ஷயரிலிருந்து வந்த ஆபிரகாம் ஷாக்கில்டன் 1726இல் இங்கு உறைவிடப் பள்ளி தொடங்கினார். அரசியல் சிந்தனையாளர் எட்மண்ட் பர்க் 1741 முதல் 1744 வரை அங்குப் பயின்றார். ஐக்கிய ஐரிஷ்காரர் இயக்கத்தின் நேப்பர் டாண்டியும், அயர்லாந்தின் முதல் கர்தினாலான பால் கல்லனும் அதன் மாணவர்களே. பழைமை பேணியவர், புரட்சியாளர், கத்தோலிக்கத் திருச்சபைத் தலைவர் என மூவரும் மூன்று திசையில் சென்றார்கள். பள்ளியின் பரந்த மனத்துக்கு இது நல்ல சான்று. ஆனால் ஊரின் வாழ்க்கையைப் பற்றி இப்பட்டியல் எதுவும் சொல்வதில்லை. 1836இல் பள்ளியும் மூடப்பட்டது. புகழை மட்டும் அளவுகோலாகக் கொண்டால், எஞ்சிய வீடுகள் யாரோ ஒரு பெரியவர் கடந்துபோன வழி என்ற அளவில் சுருங்கிவிடும்.

ஆவணமாக ஊர்

பள்ளி நிறுவனரின் பேத்தி மேரி லெட்பீட்டர் (1758–1826) இவ்வூரில் அஞ்சல் நிலையம் நடத்தியவர். 1766 முதல் 1824 வரையிலான ஊர் நிகழ்ச்சிகளை அவர் எழுதி வைத்தார். அவர் மறைந்து 36 ஆண்டுகளுக்குப் பின், 1862இல் அது அச்சேறியது. பிரித்தானிய ஆட்சிக்கு எதிராக அயர்லாந்தில் 1798இல் எழுந்த கிளர்ச்சியே அதன் உச்சம். முதலில் கிளர்ச்சியாளர்கள் ஊரைக் கைப்பற்றினர். பிறகு வந்த அரசுப் படையினர் வீடுகளைக் கொளுத்தினர், ஊர் மருத்துவரைக் கொன்றனர். போரை மறுத்த குவேக்கர்கள் எப்பக்கமும் சேரவில்லை. அதனால் அவர்களில் ஒருவர் இரு தரப்பின் கொடுமையையும் பதிவுசெய்ய முடிந்தது. இப்பதிவைப் படித்தவருக்கு லெட்பீட்டரின் வீடு வெறும் பழைய வீடன்று. அச்சம் நிறைந்த அந்த நாள்களில் ஊரைக் கண்காணித்த சாட்சியின் இடம்.

மறுப்பும் விடையும்

வசதியுள்ள ஒரு குவேக்கர் பெண்ணின் பார்வை முழு ஊரின் பார்வையாகுமா என்று கேட்கலாம். கேள்வி நியாயமானது. அவர் குடிசைவாழ் ஏழைகளின் உரையாடல்களாக 1811இல் ஒரு நூல் வெளியிட்டார். சிக்கனத்தையும் தூய்மையையும் கற்பிக்கும் நோக்கம் அதில் வெளிப்படை. அறிவுரை கூறும் குரல் அது; ஏழைகளின் சொந்தக் குரலன்று. கட்டடங்களிலும் இதே சாய்வு உண்டு. கல்லால் கட்டியவர்களின் வீடு நின்றது. கூலிக்காரர்களின் மண்சுவர்க் குடிசைகள் கரைந்துபோயின. ஆனால் இந்தச் சாய்வை நமக்குக் காட்டிக்கொடுப்பதும் அவருடைய எழுத்தே. இல்லாமற்போன வீடுகளில் வாழ்ந்தவர்கள் அதன் பக்கங்களில் வந்துபோகிறார்கள்.

முடிவுரை

அயர்லாந்தின் 2000ஆம் ஆண்டுத் திட்டமிடல் சட்டம், கட்டடக்கலைச் சிறப்போடு வரலாறு, தொல்லியல், கலை, பண்பாடு, அறிவியல், தொழில்நுட்பம், சமூகம் ஆகியவற்றையும் பாதுகாப்புக்கு உரிய அடிப்படைகளாக ஏற்கிறது. பாலிட்டோரின் எளிய சுவர்களுக்கு இதில் இடம் உண்டு. ஆயினும் கட்டடங்களைத் தனித்தனியாகப் பட்டியலிடுவதால் மட்டும் அவற்றுக்கிடையிலான உறவு புலப்படாது. லெட்பீட்டரின் வீடு இன்று நூலகமாகவும் குவேக்கர் அருங்காட்சியகமாகவும் விளங்குகிறது. எழுத்தும் கட்டடமும் அங்கே ஒரே கூரையின்கீழ் இருக்கின்றன. அடுத்து வேண்டியது, அந்தப் பதிவைக் கையில் கொண்டு தெருவில் இறங்கி, நிற்கும் வீடுகளோடு குடிசைகள் இருந்த வெற்றிடங்களையும் ஊர் வரைபடத்தில் குறிப்பது. அவையும் சேர்ந்தால்தான் அது முழு ஊரின் மரபாகும்.