'ஹுக்கெ' – ஒரு சொல்லின் வரலாறு

ஒரு சமுதாயத்தை அறிந்துகொள்ள அதன் அரசர்களின் பட்டியலும் போர்களின் ஆண்டுக் கணக்கும் மட்டும் போதா. அம்மக்கள் தம் வீட்டுக்குள் நாள்தோறும் வழங்கும் சொற்களையும் ஆராய வேண்டும். அரசாணைகள் மறைக்கும் செய்திகள் சிலவற்றை வீட்டுச் சொற்கள் வெளிப்படுத்திவிடும். அத்தகைய சொற்களுள் ஒன்று, டேனிஷ் மொழியில் வழங்கும் 'ஹுக்கெ' என்பதாகும். இதழைக் குவித்துக்கொண்டு இகரத்தைச் சொல்ல முயன்றால் எவ்வோசை பிறக்குமோ, அவ்வோசையோடு இதன் முதல் எழுத்தை ஒலிக்க வேண்டும். நம் முன்னோர் காலத்துச் செல்வர்கள் புகைத்த ஹுக்காவுக்கும் இச்சொல்லுக்கும் யாதொரு தொடர்பும் இல்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுவது நலம்.

டேனியர் நமக்கு முற்றிலும் அயலார் அல்லர். 1620-ஆம் ஆண்டு தஞ்சை இரகுநாத நாயக்கருடன் உடன்படிக்கை செய்துகொண்டு தரங்கம்பாடியில் டேன்ஸ்போர்க் கோட்டையை எழுப்பியவர்கள் அவர்கள். 1845-இல் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு அதனை விற்றுவிட்டுச் செல்லும்வரை 225 ஆண்டுகள் அக்கடற்கரையில் அவர்களுடைய கொடி பறந்தது. அவர்களுடைய கோட்டையையும் வாணிகத்தையும் பற்றி நம் வரலாற்று நூல்கள் பேசுகின்றன. அவர்களுடைய வீடு எத்தகையது என்பதை இந்த ஒரு சொல்லின் வழியே ஈண்டு நோக்குவோம்.

ஹுக்கெ என்பதற்குச் சுகம் என்றோ, வசதி என்றோ பொருள் கூறினால் அது குறையுடைய மொழிபெயர்ப்பாகவே முடியும். மெத்தென்ற நாற்காலி சுகம் தரலாம். ஆனால் அதில் அமர்ந்தவன் மனத்தில் கலக்கம் இருந்தால் அங்கே ஹுக்கெ இல்லை. குளிருக்கு அடக்கமான அறை, கண்ணைக் கூசச் செய்யாத விளக்கு, காப்பியோ எளிய பண்டமோ, நெருங்கியவர் சிலர், அவசரமில்லாத பேச்சு, 'இங்கே நம்மை எவரும் எடைபோடவில்லை' என்னும் உறுதி ஆகிய இவையெல்லாம் ஒருங்கு கூடும்போது உண்டாகும் மனநிலைக்கே அப்பெயர். தனியே ஒரு நூலை விரித்து அமர்ந்திருப்பவரும் இதனை அடையலாம் என்பர். எனினும் சிறு கூட்டத்திற்கே இச்சொல் மிகுதியும் உரியது.

வழக்கிலும் இது பல வடிவம் கொள்ளும். வினையாக வந்து, 'நாம் கூடி ஹுக்கெ செய்வோம்' என்ற பொருள் தரும். பெயரடையாகி 'ஹுக்கெலி' என நின்று ஓர் அறையையும், ஒரு மாலைப் பொழுதையும், ஒரு மனிதரையும் சிறப்பிக்கும். விருந்து முடிந்து விடைபெறுபவர் 'ஹுக்கெலியாக இருந்தது' என்று சொல்லிப் பிரிவது வழக்கம். எதிர்மறை முன்னொட்டுச் சேர்ந்து 'உஹுக்கெலி' என்றாகும்போது, இனிமையற்றது என்னும் அளவில் நில்லாமல், அச்சம் தருவது, குலைநடுங்கச் செய்வது என்னும் பொருளுக்குச் சென்றுவிடுகிறது. இந்த எதிர்ச்சொல்லே மூலச்சொல்லின் ஆழத்தைக் காட்டுகிறது. ஹுக்கெ நீங்கிய இடத்தில் டேனியர் காண்பது வெறும் சலிப்பன்று, பயம்.

அரபு மொழி பயின்றவர்களுக்கு இவ்விடத்தில் 'உன்ஸ்' என்னும் சொல் நினைவுக்கு வரும். உன்ஸ் என்பது பழகியவரிடத்துத் தோன்றும் இணக்கம், நெஞ்சின் நெருக்கம். அதன் எதிர்ச்சொல் 'வஹ்ஷத்'. தனிமையின் வெறுமையும் அதனால் எழும் திகிலும் அச்சொல்லில் அடங்கும். காட்டு விலங்கைக் குறிக்கும் 'வஹ்ஷ்' என்பதும் அதே வேரில் பிறந்ததே. மனிதனைக் குறிக்கும் 'இன்ஸான்' என்னும் சொல் உன்ஸிலிருந்து வந்தது என்று அகராதியாசிரியர் சிலர் உரைப்பர். மறதியைக் குறிக்கும் 'நிஸ்யான்' என்பதிலிருந்து வந்தது என்பாரும் உளர். எவ்வாறாயினும், இணக்கத்தின் மறுபக்கத்தில் திகிலை வைத்துப் பார்த்த அறிவு, பாலைவனத்தார்க்கும் பனிநிலத்தார்க்கும் பொதுவாயிருப்பது வியப்புக்குரியது.

இனிச் சொல்லின் பிறப்பைக் காண்போம். டேனியர் தமக்கே உரியதெனப் பெருமை கொள்ளும் இச்சொல் நார்வே நாட்டிலிருந்து அவர்களிடம் வந்ததாகும். பழைய நோர்ஸ் மொழியில் 'ஹுக்ர்' என்பது மனத்தையும், 'ஹுக்யா' என்பது எண்ணுதலையும், 'ஹுக்கா' என்பது ஆறுதல் கூறுதலையும் குறித்தன. இக்குடும்பத்துச் சொல்லே நார்வேயில் வழங்கிப் பின் டேனிஷ் எழுத்தில் இன்றைய பொருளோடு ஏறக்குறைய பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியிலும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் இடம்பெற்றது. அக்காலத்தில் இரு நாடுகளும் ஒரே முடியின்கீழ் இருந்தன. இன்றோ நார்வே மக்கள் இம்மனநிலையைக் குறிக்கக் 'கூஸ்' என்னும் வேறு சொல்லையே மிகுதியும் ஆள்கின்றனர்.

அச்சொல் டேனியர் இல்லங்களில் வேரூன்றிய காலம் எத்தகையது என்பதையும் உடன் வைத்துப் பார்த்தல் வேண்டும். நெப்போலியன் போர்களின்போது, 1807 செப்டம்பரில் ஆங்கிலக் கடற்படை மூன்று இரவுகள் கோபன்ஹேகன் நகரின்மீது குண்டு பொழிந்து டேனியரின் கப்பற்படையைக் கைப்பற்றிச் சென்றது. அதன் தொடர்ச்சியாக மறு ஆண்டு தரங்கம்பாடியும் ஆங்கிலேயர் வசமாகி, 1815-இல்தான் மீண்டது. 1813-இல் டென்மார்க் அரசு கடன் தீர்க்க இயலாமல் நொடித்தது. 1814-இல் கீல் உடன்படிக்கையின்படி நார்வே பிரிந்துபோயிற்று. அரை நூற்றாண்டு கழிந்து 1864-இல் பிரஷ்யாவும் ஆஸ்திரியாவும் தொடுத்த போரில் ஷ்லெஸ்விக், ஹோல்ஸ்டைன், லவன்பர்க் ஆகிய பகுதிகள் பறிபோயின. நாட்டின் பரப்பில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கும் மக்களில் ஐந்தில் இரண்டு பங்கும் ஒரே போரில் இழக்கப்பட்டன.

பேரரசுக் கனவு கலைந்த ஒரு சிறு நாடு என்ன செய்தது? வெளியே போனதை உள்ளே ஈட்டிக்கொள்வோம் என்னும் எண்ணம் அம்மக்களிடையே பரவிற்று. 1866-இல் என்ரிகோ தால்காஸ் என்பாரின் தலைமையில் ஒரு சங்கம் தோன்றி, ஜட்லாந்துப் பகுதியின் தரிசு நிலங்களைத் திருத்தி மரம் நடும் பணியை மேற்கொண்டது. பாதிரியாரும் கவிஞருமான குருண்ட்விக் என்பவரின் கருத்தைப் பின்பற்றி, 1844-இல் ரூதிங் என்னும் ஊரில் உழவர் பிள்ளைகளுக்கான முதல் மக்கள் உயர்பள்ளி தொடங்கப்பட்டிருந்தது. 1864-இல் அவ்வூரே எதிரி வசமானபோது அப்பணி எல்லைக்கு இப்பால் அஸ்கவ் என்னும் ஊரில் தொடர்ந்தது. 1882-இல் யெத்திங் என்னும் சிற்றூரில் முதல் கூட்டுறவுப் பால்பண்ணை எழுந்தது. அத்தகைய பண்ணைகளில், பத்து மாடு உடையவனுக்கும் நூறு மாடு உடையவனுக்கும் வாக்கு ஒன்றே.

இத்தோல்விகளே ஹுக்கெயைப் படைத்தன என்று முடிவு கட்டுவது மிகையாகும். தொழிலிடம் வேறு, இல்லம் வேறு எனப் பிரிந்த நகர வாழ்வும் அதனை வளர்த்தது. ஆயினும், இழப்புற்ற மக்கள் தம் வீட்டின் நான்கு சுவர்களுக்குள் ஒரு நிறைவைத் தேடிக்கொண்டார்கள் என்பதை அக்கால வரலாறு தெளிவாகவே உணர்த்துகிறது.

இயற்கையும் இதற்குத் துணை நின்றது. கோபன்ஹேகனில் டிசம்பர் மாதத்துப் பகற்பொழுது ஏறத்தாழ 7 மணி நேரமே. காலை எட்டரைக்கு மேல் தோன்றும் கதிரவன் பிற்பகல் நான்கு மணிக்கு முன்பே மறைந்துவிடுவான். ஜூன் மாதத்திலோ பகல் பதினேழரை மணி நேரம் நீளும். நீண்ட குளிர்கால இருளை மக்கள் விளக்கால் வென்றனர். ஐரோப்பாவில் மிகுதியாக மெழுகுவத்தி ஏற்றும் மக்களுள் டேனியர் முன்வரிசையில் நிற்கின்றனர். மின்விளக்கு வந்தபோது அதன் வெறும் ஒளி கண்ணையும் முகத்தையும் வருத்துவதைக் கண்ட போல் ஹென்னிங்சன் என்னும் கட்டடக் கலைஞர், பல அடுக்குத் தகடுகளால் ஒளியை மறைத்து மென்மையாகப் பரப்பும் விளக்குகளை 1920-களின் நடுப்பகுதியிலிருந்து உருவாக்கினார். அவை இன்றும் டேனியர் உணவு மேசைகளின் மேல் தொங்குகின்றன. ஜெர்மானியர் ஆக்கிரமித்திருந்த காலத்தில், 1843-இல் தொடங்கப்பெற்ற டிவோலிப் பூங்கா இரவிலும் திறந்திருக்கும் பொருட்டு, வானிலிருந்து பார்ப்போருக்குத் தெரியாத விளக்கொன்றையும் அவரே வடிவமைத்துத் தந்தார்.

இந்த அவைக்கு எழுதப்படாத சில முறைகள் உண்டு. அங்கே எவரும் தம் செல்வத்தையோ பதவியையோ பறைசாற்றலாகாது. கசப்பான வழக்குகளை எழுப்பலாகாது. உரையாடலை ஒருவரே கைப்பற்றலாகாது. டென்மார்க்கில் பிறந்து நார்வீஜிய மொழியில் எழுதிய அக்செல் சாண்டமோஸ 1933-இல் வெளியிட்ட நாவலொன்றில், 'யாந்தெ' என்னும் கற்பனை ஊரின் சட்டமாக, எவனும் தன்னைப் பிறரினும் மேலாக எண்ணக் கூடாது என்னும் கருத்தை எள்ளலோடு வரைந்தார். அவ்வெள்ளல் அம்மக்களின் பண்புக்கே பெயராக நிலைத்துவிட்டது. சமத்துவம் என்னும் நன்மையும், தனித்து நிற்பவனை அழுத்தும் தீமையும் அதில் ஒருசேர இருக்கின்றன.

2011-இல் யெப்பெ த்ரொல்லெ லின்னெட் என்னும் டேனிய மானிடவியலாளர் ஹுக்கெயை ஆராய்ந்து கட்டுரை எழுதினார். அது தன்னைச் சமத்துவமாகக் காட்டிக்கொண்டாலும், சமுதாயத்தை ஒழுங்குபடுத்தும் கருவியாகவும் இயங்குகிறது. ஹுக்கெ அறியாதவர் எனச் சிலரைத் தாழ்வாக மதிக்கவும் இடமளிக்கிறது என்பது அவர் கருத்து. சிறு வட்டம் ஒன்று இருக்குமானால் அதற்கு வெளியே நிற்பவரும் இருப்பர் அன்றோ? எனவே இச்சொல்லின் மதிப்பை, உள்ளே அமர்ந்திருப்போரின் மகிழ்ச்சியைக் கொண்டு மட்டும் அளவிடலாகாது. வெளியிலிருந்து ஒருவர் கதவைத் தட்டும்போது நடப்பதையும் கொண்டு அளவிட வேண்டும்.

அக்கதவு பெருமையோடு திறந்த நாள்கள் உண்டு. 1940 ஏப்ரல் 9 அன்று நாஜிப் படைகள் டென்மார்க்கினுள் புகுந்தன. 1943 அக்டோபர் முதல் நாள் இரவு யூதர்களைச் சிறைப்பிடிக்கத் திட்டமிடப்பட்டிருந்த செய்தி முன்கூட்டியே கசிந்தது. அண்டை வீட்டாரும், ஆசிரியர்களும், பாதிரிமார்களும், மருத்துவமனைகளும் அவர்களை மறைத்து வைத்தனர். மீனவர் படகுகளில் ஏறத்தாழ 7,000 பேர் குறுகிய நீரிணையைக் கடந்து ஸ்வீடன் சேர்ந்தனர். படகுக்குப் பெருங்கூலி கேட்டவர்களும் அவர்களுள் இருந்தனர் என்பதை வரலாறு மறைக்கவில்லை. ஏறக்குறைய 470 பேர் பிடிபட்டு தெரேசியன்ஸ்டாட் முகாமுக்கு அனுப்பப்பட்டனர். எனினும், தம் வீட்டின் அமைதியையே பெரிதெனப் போற்றிய மக்கள், அவ்வமைதியைப் பணயம் வைத்துப் பிறரை உள்ளே அழைத்தார்கள் என்பது மறுக்க முடியாத உண்மை.

அதன்பின் வேறு கைகளும் அக்கதவைத் தட்டின. 1960-களின் பிற்பகுதியில் துருக்கி, பாகிஸ்தான், யூகோஸ்லாவியா ஆகிய நாடுகளிலிருந்து தொழிலாளர்கள் வந்தனர். 1973-இல் அத்தகைய வருகை நிறுத்தப்பட்டது. வந்தவர்களில் பலர் குடும்பத்தோடு அங்கேயே நிலைத்தனர். அவர்களுடைய பிள்ளைகள் வளர்ந்த காலத்தில் டேனிஷ் மொழியில் ஒரு புதிய கூட்டுச்சொல் வழங்கலாயிற்று: 'ஹுக்கெ ராசிஸ்மெ'. நட்புப் பேச்சு என்னும் போர்வையில், சிரித்துக்கொண்டே பிற இனத்தாரை இழிவுபடுத்தும் பழக்கத்தை இது குறிக்கும். ஆறுதலைக் குறித்துப் பிறந்த சொல் இத்தகைய தோழமையோடு சேர நேர்ந்தது வருந்தத்தக்கது. ஆயினும், அக்குறையைச் சுட்டிக்காட்டும் சொல்லை அம்மொழியே ஆக்கிக்கொண்டது என்பதையும் நேர்மையுடன் குறிப்பிட வேண்டும்.

2018-இல் முகத்திரைக்குத் தடை நடைமுறைக்கு வந்தது. மேற்கத்தியரல்லாத வழியினர் பாதிக்கு மேல் வாழ்வதை ஓர் அளவுகோலாகக் கொண்டு, சில குடியிருப்புகளை வேறுபடுத்தும் சட்டமும் அவ்வாண்டில் பிறந்தது. மறுபுறம், திருக்குர்ஆன் பிரதிகள் எரிக்கப்பட்ட நிகழ்ச்சிகளுக்குப் பின், மறைநூல்களைப் பொதுவிடத்தில் இழிவுபடுத்துவதைக் குற்றமாக்கும் சட்டத்தை அந்நாட்டு நாடாளுமன்றம் 2023 டிசம்பரில் நிறைவேற்றிற்று. கதவு முழுவதும் அடைபட்டதென்றோ முழுவதும் திறந்ததென்றோ கூறுவதற்கில்லை.

இதற்கிடையே உலகச் சந்தை இச்சொல்லைக் கண்டுகொண்டது. 2012-இல் தொடங்கிய உலக மகிழ்ச்சி அறிக்கையில் டென்மார்க் முதலிடம் பெறவே, அதன் மறைபொருள் யாது எனப் பலரும் தேடினர். 2016-இல் மைக் வீக்கிங் என்பவர் எழுதிய சிறு நூல் பல மொழிகளில் பரவியது. மெழுகுவத்தியும் கம்பளிக் காலுறையும் ஹுக்கெயின் பெயரால் விற்பனையாயின. அவ்வாண்டே டேனியரின் பண்பாட்டு அமைச்சர் முன்னின்று தொகுத்த பத்து நாட்டு விழுமியங்களுள் நம்பிக்கை, சட்டத்தின்முன் சமத்துவம் முதலியவற்றோடு ஹுக்கெயும் சேர்க்கப்பட்டது. கடையில் வாங்கத்தக்கதன்று என்று போற்றப்பட்ட ஒன்று, ஒரே ஆண்டில் கடைச்சரக்காகவும் அரசின் பட்டியற்பொருளாகவும் ஆயிற்று.

தமிழில் 'விருந்து' என்பதற்குப் புதுமை என்பதே பழம்பொருள். முன்பின் அறியாது புதிதாய் வந்தவனே விருந்தினன். உன்ஸும் ஹுக்கெயும் பழகியவரிடத்துப் பிறக்கும் இனிமையைச் சொல்கின்றன. விருந்து என்னும் சொல்லோ பழகாதவனுக்கு ஆற்றும் கடமையைச் சொல்கிறது. ஒரு வீட்டுக்கு இவ்விரண்டும் வேண்டும். முன்னது இல்லையேல் வீடு குளிர்ந்துவிடும். பின்னது இல்லையேல் அவ்வெம்மையை அதன் நான்கு சுவர்களே உண்டு தீர்த்துவிடும். டேனியர் தம் வரலாற்றில் 1943-ஆம் ஆண்டின் அக்டோபர் மாதத்தைப் பெருமையோடு நினைவுகூர்கின்றனர். அம்மாதத்தில் தம் வீட்டை எவ்வாறு நடத்தினரோ, அவ்வாறே எம்மாதத்திலும் நடத்த வேண்டும் என்பதே அச்சொல் அவர்களிடம் வைத்திருக்கும் கோரிக்கை. அக்கோரிக்கை அவர்களுக்கு மட்டும் உரியதன்று.