சாக மறுத்த செல்கள்

புற்றுநோய் என்றால் செல் கண்டபடி பெருகுவது. பள்ளிக்கூடத்தில் எனக்கு அவ்வளவுதான் சொல்லித் தந்தார்கள், உங்களுக்கும் அப்படித்தான் இருக்கும். இந்த எண்ணத்தை ஆட்டிப் பார்த்த மரபணு ஒன்றின் கதை இது.

1980களின் நடுவில், பிலடெல்பியாவில் சுஜிமோட்டோவும் குரோச்சேயும் ஒருவகை நிணநீர்ப் புற்றுநோயில் 14ஆம் குரோமோசோமும் 18ஆம் குரோமோசோமும் துண்டு மாற்றிக்கொள்ளும் இடத்தைத் தோண்டி, அங்கே இருந்த மரபணுவைப் பிடித்தார்கள். பிசிஎல்-2 என்று பெயர். ரேஷன் கார்டு நம்பர் மாதிரி இருக்கிறது, இல்லையா? அது என்ன வேலை செய்கிறது என்பது மட்டும் பிடிபடவில்லை.

மெல்பர்னில் டேவிட் வாக்ஸ் அப்போது ஆய்வு மாணவர். இன்டர்லூகின்-3 கிடைக்காவிட்டால் செத்துவிடும் எலிச் செல்களுக்குள் பிசிஎல்-2வை நுழைத்தார். பிறகு இன்டர்லூகினை நிறுத்தினார். செல்கள் பெருகவில்லை. சாகவும் இல்லை! சும்மா உட்கார்ந்திருந்தன. சூசன் கோரி, ஜெர்ரி ஆடம்ஸுடன் சேர்ந்து 1988இல் நேச்சரில் இதை எழுதினார். புற்றுநோய்க்குப் பிறப்பு கூடினால் மட்டும் போதாது, இறப்பும் குறைய வேண்டும் என்று எனக்குப் புரிந்தது இந்த இடத்தில்தான்.

செல் தானே ஒழுங்காகச் சாகும் என்பதை 1972லேயே கெர், வில்லி, கரி மூவரும் சொல்லியிருந்தார்கள். இலை உதிர்வதைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லை எடுத்து 'அபோப்டோசிஸ்' என்று பெயரும் வைத்தார்கள். அபெர்டீனில் கிரேக்கம் கற்பித்த ஒரு பேராசிரியர் எடுத்துக்கொடுத்த சொல் அது. ஆனால் ரொம்ப நாள் அதை யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை.

அப்புறம் ஒரு மில்லிமீட்டர் புழு வந்தது. சி. எலிகன்ஸ் வளரும்போது உண்டாகும் 1090 உடற்செல்களில் சரியாக 131 செத்துப்போகும். 1992இல் மனித பிசிஎல்-2வை வாக்ஸ் அந்தப் புழுவுக்குள் வைத்தார். சாக வேண்டிய செல்களில் சில பிழைத்துக்கொண்டன. புழுவுக்கும் நமக்கும் ஒரே பூட்டு! 2002 நோபல் புழுக்காரர்களுக்குப் போனது, பிசிஎல்-2காரர்களுக்கு இல்லை. எனக்கு அதில் கொஞ்சம் வருத்தம்தான்.

பிசிஎல்-2 புரதத்தின் மேல் ஒரு பள்ளம் உண்டு. சாவைத் தூண்டும் புரதங்களை அது அந்தப் பள்ளத்தில் பிடித்து வைத்துக்கொள்கிறது. வெனிடோகிளாக்ஸ் என்ற மாத்திரை அதே பள்ளத்தில் போய் உட்கார்ந்து அவற்றை விடுவிக்கிறது. அமெரிக்காவில் அதற்கு அனுமதி கிடைத்தது 2016இல். மெல்பர்ன் சோதனை நடந்து 28 வருஷம் ஆகியிருந்தது.

ஆரம்பகாலப் பரிசோதனைகளில் அது வேலை செய்த வேகமே ஆபத்தானது. லுகேமியா செல்கள் கூட்டமாகச் செத்து, அவற்றின் கழிவு ரத்தத்தில் கலந்து, சில நோயாளிகள் இறந்துபோனார்கள். அதனால்தான் அந்த நோய்க்கு இப்போது 20 மில்லிகிராமில் தொடங்கி, ஐந்து வாரத்தில் 400க்கு ஏற்றுகிறார்கள்.