தோல் கப்பலேறியது, கறி கொடியேறியது

ஆம்பூர் டேனரிகளுக்கு வந்து சேரும் பச்சை மாட்டுத்தோலுக்கு முதல் துணை கல்லுப்பு. உரித்த தோலை அப்படியே விட்டுவைத்தால் வேலூர் வெயிலில் சில மணி நேரத்தில் நாற்றமெடுத்து, மயிர் கழன்று, விலைபோகாத பண்டமாகிவிடும். ஆகவே சதைப்பக்கம் மேலே தெரியும்படி விரித்து, எடையில் ஏறத்தாழ 40 விழுக்காடு உப்பைத் தூவித் தேய்த்து, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்குவார்கள். உப்பு தோலிலிருக்கும் நீரை இழுத்துவிடும். நீர் வற்றிய இடத்தில் அழுகல் கிருமி பெருகாது.

அதே மாட்டின் கறியையும் அதே உப்புதான் காத்தது. தோலுக்குச் செய்த வைத்தியத்தையே ஊர்ப் பெண்கள் கறிக்கும் செய்தார்கள். தோலின் கதை ஏற்றுமதிக் கணக்கிலும் அரசு அறிக்கையிலும் நீதிமன்றத் தீர்ப்பிலும் பதிவாகியிருக்கிறது. கறியின் கதை அடுப்படியைத் தாண்டி வெளியே வரவே இல்லை.

உப்புக்கண்டம் போடுவது கைப்பக்குவம் கேட்கும் வேலை. முதலில் எலும்பும் கொழுப்பும் இல்லாத தொடைக்கறியாகப் பார்த்து எடுக்க வேண்டும். கொழுப்பு இருந்தால் வெயிலில் உருகிச் சிக்குவாடை அடித்துவிடும். கறியை அரிவாள்மனையில் வைத்து, துண்டு அறுந்துவிடாமல் நீள நீளமாக வார்போல அரிவார்கள். உப்பும் மஞ்சளும் போட்டுப் பிசறி, சில வீடுகளில் அரைத்த மிளகாயும் பூண்டும் சேர்த்து, ஊறிய பிறகு கயிற்றில் கோத்து வெயிலில் தொங்கவிடுவார்கள். பகலெல்லாம் காக்கை விரட்ட ஒரு ஆள் வேண்டும். பொழுது சாய்ந்ததும் பனி படாமல் உள்ளே எடுத்து வைத்து, காலையில் மறுபடியும் கொடியேற்ற வேண்டும். மூன்று நான்கு வெயில் கண்டால் செம்பழுப்பாய் இறுகி, ஒடித்தால் முறியும் பதத்துக்கு வந்துவிடும். பிறகு அது பானைக்குள் போய்விடும். கோடையில் 40 பாகையைத் தாண்டிக் கொளுத்தும் இந்த வட்டாரத்து வெயில், இந்த ஒரு காரியத்துக்கு மட்டும் வரமாக அமைந்தது.

இந்த வழக்கம் தோல் தொழிலுக்கும் மூத்தது. காஞ்சியை ஆண்ட தொண்டைமான் இளந்திரையனைக் கடியலூர் உருத்திரங்கண்ணனார் பாடிய பெரும்பாணாற்றுப்படையில் எயினர் குடில் ஒன்று வருகிறது. பிள்ளை பெற்ற பெண் மான்தோல் விரிப்பில் குழந்தையோடு படுத்திருக்கிறாள். மற்றப் பெண்கள் கரம்பு நிலத்தைக் கிளறிப் புல்லரிசி எடுத்து, நிலத்திலேயே குழித்த உரலில் குற்றி, உவர்நீர் மொண்டு வந்து, வாய் உடைந்த பழம்பானையில் உலை வைக்கிறார்கள். வாடவைத்த ஊனோடு ஆக்கிய அந்தச் சோற்றைத் தேக்கிலையில் குவித்து விருந்தினருக்குப் படைக்கிறார்கள். தோலும் உலர்ந்த கறியும் உவர்நீரும் ஒரே குடிலில் இருந்திருக்கின்றன. ஆம்பூர் அதே தொண்டை மண்டலத்தின் மேற்கு ஓரத்தில் இருக்கிறது.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் தோல் பெருவணிகமானது. 1856இல் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை ஓடத் தொடங்கிய ரயில், பிறகு குடியாத்தம், ஆம்பூர், வாணியம்பாடி வழியாக ஜோலார்பேட்டைக்கு நீண்டது. பாலாற்றுத் தண்ணீர், பதனிடுவதற்கு ஆவாரம்பட்டையும் கடுக்காயும், மதராஸ் துறைமுகத்துக்கு நேரே செல்லும் தண்டவாளம் என எல்லாம் ஒரே கோட்டில் அமைந்தன. முஸ்லிம் வணிகக் குடும்பங்கள் டேனரிகளை நிறுவின. சுண்ணாம்புக் குழியில் இறங்கித் தோலை மிதித்துப் புரட்டும் வேலையைத் தலித்துகளும் ஏழை முஸ்லிம்களும் செய்தார்கள். 1876-78 தாது வருஷப் பஞ்சத்தில் மாடுகள் கூட்டங்கூட்டமாக மடிந்தபோது மதராஸ் மாகாணத்திலிருந்து தோல் ஏற்றுமதி எகிறியது. பஞ்சமும் தோல் வணிகத்துக்குச் சரக்காயிற்று.

முதல் உலகப்போர் இன்னொரு திருப்பம். மதராஸ் மாகாணத்தில் பதனிட்ட மாட்டுத்தோல், ராணுவ பூட்ஸின் மேல்பாகத்துக்கு ஏற்றது என்று பிரிட்டிஷ் போர்த்துறைக்குத் தெரிந்திருந்தது. 1916இல் இந்திய அரசு அந்தத் தோல் வணிகத்தைத் தன் கட்டுப்பாட்டுக்குள் கொண்டுவந்து, போர்த்துறைக்காகவே கொள்முதல் செய்தது. நம் ஊர்த் தோல் இப்படிப் பிரான்சின் பதுங்குகுழி வரை நடந்து போனது.

அந்தப் பதுங்குகுழிகளில் பூட்ஸ் மாட்டிய பிரிட்டிஷ் சிப்பாய்க்குக் கிடைத்த சாப்பாடு டின்னில் அடைத்த கறிக்குழம்பு. மக்கனாக்கி என்ற நிறுவனம் மாட்டுக்கறித் துண்டுகளோடு உருளைக்கிழங்கு, கேரட், வெங்காயம், டர்னிப் சேர்த்து டின்னில் அடைத்துத் தந்தது. சூடாக்கித் தின்றால் ஒப்பேற்றலாம். ஆறிப்போனால் மேலே கொழுப்பு உறைந்துகிடக்கும் என்று சிப்பாய்கள் நொந்துகொண்டார்கள். டின் உணவுக்கு அப்போது நூறு வயதுக்கு மேலாகியிருந்தது. உணவைக் கண்ணாடிப் புட்டியில் காற்றுப் புகாமல் அடைத்துக் கொதிக்கவைத்துக் காக்கும் முறைக்காக நிக்கோலா அப்பேர் பிரெஞ்சு அரசிடம் 12,000 பிராங்க் பரிசு பெற்றார். 1810இல் அந்த முறையைப் புத்தகமாக வெளியிட்டார். அதே ஆண்டு லண்டனில் பீட்டர் டுராண்ட் டின்னுக்கும் சேர்த்துக் காப்புரிமை எடுத்தார். ஆரம்பகால டின்களை உளியும் சுத்தியலும் வைத்துத்தான் திறக்க வேண்டியிருந்தது. கெடாமல் இருப்பதற்கான காரணத்தைப் பாஸ்டர் விளக்கியது 1860களில்.

டின் கறிக்குப் பேர்போன ஊர் உருகுவே நாட்டின் பிரே பெந்தோஸ். அதன் கதையைக் கேட்டால் ஆம்பூர்க்காரருக்கு நம் ஊர்க் கதை போலவே இருக்கும். அந்தப் புல்வெளி நாடுகளில் மாடுகளை அடித்ததே பெரும்பாலும் தோலுக்காகத்தான். கறி வீணாகப் போனது. மிஞ்சியதை உப்பிட்டு உலர்த்தி, கியூபாவிலும் பிரேசிலிலும் கரும்புத் தோட்டங்களில் உழைத்த அடிமைகளுக்கு உணவாக விற்றார்கள். 1865இல் லண்டனில் தொடங்கிய லீபிக் நிறுவனம் அந்த மலிவுக் கறியை நம்பியே அங்கே ஆலை வைத்து, முதலில் கறிச்சாற்றையும் 1873 முதல் டின் கறியையும் உலகமெங்கும் அனுப்பியது. அந்த ஆலையும் அதைச் சுற்றிய குடியிருப்புகளும் 2015இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பிடித்தன. அங்கே தோலுக்குப் பின்னால் நின்ற கறிக்கு ஒரு வரலாறு கிடைத்தது.

இங்கே அந்தக் கறி உழைப்பாளி வீட்டுப் பானையில் தங்கியது. கூலி வராத வாரத்திலும், மழை பிடித்துக்கொண்ட ஐப்பசியிலும், கறி வாங்க வக்கில்லாத நாளிலும் உப்புக்கண்டத்தைத்தான் எடுப்பார்கள். நான்கைந்து துண்டை வெந்நீரில் ஊறவைத்து அதிக உப்பை இறக்கிவிட்டு, அம்மியில் வைத்துக் குழவியால் நைய நசுக்குவார்கள். நசுக்கினால்தான் நார் பிரிந்து குழம்பைக் குடிக்கும். வெங்காயம், தக்காளி வதக்கி, மிளகாயும் தனியாவும் அரைத்த மசாலா சேர்த்து, புளி கரைத்து ஊற்றி, கறி வெந்து வரும்போது காய் போட வேண்டும். கத்திரிக்காய், முருங்கைக்காய், அவரை, மொச்சை, காராமணி என அந்தந்தப் பருவத்துக்கு எது மலிவோ அது. காய்களில் கத்திரிக்காய்க்கே முதலிடம். காம்பில் முள்ளும் உடம்பில் சதைப்பற்றும் கொண்ட இலவம்பாடி முள்ளுக் கத்திரிக்காய் பக்கத்து வேலூர் மாவட்டத்துப் பயிர். 2023இல் புவிசார் குறியீடு பெற்றது.

அந்தக் குழம்புக்கு ஜோடி கேழ்வரகுக் களி. கைப்பிடி உப்புக்கண்டத்தில் ஒரு குடும்பமே வயிறு நிறையச் சாப்பிடலாம். கறி கொஞ்சமாகவும் காய் நிறையவும் இருந்தாலும் குழம்பு முழுக்கக் கறி மணக்கும். புரதமும் உப்பும் காரமும் சேர்ந்த ஒரு கவளம், நாளெல்லாம் சுண்ணாம்புத் தண்ணீரில் நின்றவருக்குத் தெம்பு தந்தது.

ஆம்பூரின் தக்கனி உருது பேசும் வீடுகளிலும் இதே கறி உண்டு. பக்ரீத் குர்பானியில் மிகுந்ததைப் பங்கிட்டது போக உப்பிட்டுக் காயப்போடுவார்கள். தால்ச்சாவில் பருப்போடும் கத்திரிக்காயோடும் சுரைக்காயோடும் எலும்புக்கறிக்குப் பதில் அதைப் போடுவதும் உண்டு. ஊருக்குப் பெயர் வாங்கித் தந்த சீரகச் சம்பா பிரியாணியின் பக்கத்தில் புளிப்பாய் வந்து நிற்கும் எண்ணெய்க் கத்திரிக்காயும் இதே சமையல் குடும்பம்தான். வறுமையில் பிறந்த குழம்பும் திருமண விருந்தும் ஒரே காயையும் ஒரே புளியையும் பகிர்ந்துகொண்டிருக்கின்றன.

ஆனால் அந்த உப்புக்கு இன்னொரு முகமும் இருக்கிறது. பதனிடுவதற்கு முன் தோலிலிருந்து கழுவிய உப்பு முழுக்கப் பாலாற்றுக்கும் ஏரிகளுக்கும் போனது. 1996 ஆகஸ்ட் 28 அன்று வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தோல் பதனிடும் வட்டாரத்தில் சுமார் 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுமையாகவோ சாகுபடிக்கு உதவாததாகிவிட்டது என்று அந்தத் தீர்ப்பு பதிவுசெய்தது. ஒவ்வொரு டேனரிக்கும் 10,000 ரூபாய் அபராதமும் விதித்தது. கறியைக் காத்த உப்பு, குழம்பின் மறுபாதியான காய் விளைந்த மண்ணைக் கெடுத்தது. கிணறு உவர்த்துப்போன விவசாயியும் சுண்ணாம்புக் குழியில் நின்ற தொழிலாளியும் பல ஊர்களில் ஒரே தெருக்காரர்கள். லாபம் துறைமுகத்துக்குப் போனது, நட்டம் அவர்கள் தட்டில் விழுந்தது.

உணவைச் சொல்லி மனிதரைத் தாழ்த்தும் வழக்கம் அந்தத் தொழிலாளிகள் தலையில் இறங்கிய இன்னொரு பாரம். 1927இல் மகாட் மாநாட்டில் செத்த மாட்டின் கறியைக் கைவிடச் சொன்னார் அம்பேத்கர். சுமத்தப்பட்ட இழிவை உதறுவதற்கான அறைகூவல் அது. கடையில் காசு கொடுத்து வாங்கிய கறியை வீட்டில் சமைத்துச் சாப்பிடுவது அதனின்று வேறு. இந்த வேறுபாட்டை ஊர் ஏற்கவில்லை. அதனால் பள்ளிக்கூடத்துக்கு உப்புக்கண்டக் குழம்பைக் கட்டிக்கொண்டு போகும் பிள்ளை டிபன் பாக்ஸை மூடியபடியே சாப்பிட நேர்ந்தது.

2022 மே மாதம் இந்த ஒதுக்கல் வெளிச்சத்துக்கு வந்தது. திருப்பத்தூர் மாவட்ட நிர்வாகம் மே 13 முதல் 15 வரை ஆம்பூரில் பிரியாணித் திருவிழா நடத்துவதாக அறிவித்தது. இருபதுக்கும் மேற்பட்ட வகைகள் இருந்த அந்தப் பட்டியலில் மாட்டிறைச்சி பிரியாணி இல்லை. எதிர்ப்பு எழுந்தது. அரங்கின் எதிரிலேயே மாட்டிறைச்சி பிரியாணியை இலவசமாகக் கொடுப்போம் என்று சில அமைப்புகள் அறிவித்தன. மழையைக் காரணம் காட்டித் திருவிழா தள்ளிவைக்கப்பட்டது. இந்த விலக்கலை ஏன் பாகுபாடாகக் கருதக் கூடாது என்று விளக்கம் கேட்டு மாநில ஆதிதிராவிடர், பழங்குடியினர் ஆணையம் மாவட்ட ஆட்சியருக்கு நோட்டீஸ் அனுப்பியது.

பிரியாணிக்காவது கேட்க ஆள் இருந்தது. உப்புக்கண்டக் குழம்பு எந்தத் திருவிழாப் பட்டியலுக்கும் பரிசீலனைக்குக்கூட வருவதில்லை. இன்று வீட்டுக்கு வீடு ஃப்ரிட்ஜ் வந்துவிட்டது. மீந்த கறி பிரீசருக்குப் போகிறது. ஷூ கம்பெனிக்குக் காலையிலேயே கிளம்பும் பெண்ணுக்குக் காக்கை விரட்ட நேரமில்லை. மாடி வீடுகளில் கறி காயப்போட்டால் பக்கத்து வீட்டார் முகம் சுளிப்பார்கள் என்ற தயக்கமும் சேர்ந்திருக்கிறது.

ஆம்பூரின் தோல் வரலாற்றை எழுத ஏற்றுமதிக் கணக்கு போதுமான அளவு இருக்கிறது. குழம்பின் வரலாற்றுக்கு அப்படி ஏடு கிடையாது. எந்தத் துண்டை அரிவது, எத்தனை வெயில் காட்டுவது, எந்தக் காயை எப்போது போடுவது என்று அறிந்த பாட்டிமார் ஆம்பூரிலும் பேரணாம்பட்டிலும் வாணியம்பாடியிலும் மேல்விஷாரத்திலும் இன்னும் இருக்கிறார்கள். அவர்கள் சொல்லச் சொல்ல எழுதிக்கொள்ளும் வேலையை இங்குள்ள கல்லூரி வரலாற்றுத் துறைகள் இந்தக் கோடையிலேயே தொடங்கலாம். அதற்கு ஒரு நோட்டும், உட்கார்ந்து கேட்கப் பொறுமையும், அவர்கள் பரிமாறும் களியைக் கூச்சமில்லாமல் சாப்பிடும் மனமும் வேண்டும்.